நீரோடு வாழும் நகரம்

(பயணக் கட்டுரை)

நுழையும் முன்

ஓர் ஊரை அறிய விரும்புவோர் அவ்வூரின் நீர் எங்கிருந்து வருகிறது, எங்கே தங்குகிறது, எங்கே சென்று சேர்கிறது என்பவற்றை முதலில் கேட்டறிய வேண்டும். இன்றைய நகரங்கள் பலவற்றில் இவ்வினாக்களுக்குரிய விடை மண்ணுக்கு அடியில், குழாய்களுக்குள் மறைந்து கிடக்கிறது. ஜப்பான் நாட்டின் யனகவா என்னும் சிறு நகரத்திலோ அவ்விடை தெருக்களின் ஓரமாகக் கண்முன்னே ஓடிக்கொண்டிருக்கிறது. அந்நீர் ஒரு காலத்தில் மறைந்துபோகும் நிலையில் இருந்தது. அது மறையாமல் காக்கப்பட்டது எவ்வாறு? மாணவர்களே, அந்நகரத்திற்கு ஒருநாள் பயணமாகச் சென்று அதனை அறிந்து வருவோம்.

ஊரும் பெயரும்

ஜப்பானின் நான்கு பெருந்தீவுகளுள் தென்மேற்கில் அமைந்திருப்பது கியூஷு. அத்தீவின் வடபகுதியில் உள்ள பெருநகரம் ஃபுகுவோகா. அங்கிருந்து தெற்கு நோக்கிச் செல்லும் விரைவுத் தொடர்வண்டியில் காலையில் ஏறினால் ஏறத்தாழ 50 நிமிடங்களில் யனகவாவை அடைந்துவிடலாம். உயர்ந்த கட்டடங்கள் மெல்ல மறைந்து, மேடு பள்ளம் இல்லாத சமவெளி விரியத் தொடங்கும். வயல்களுக்கு நடுவே வெள்ளிக் கம்பிகளைப் போல நீர்க்கோடுகள் தென்படும். அவையே இவ்வூரின் கால்வாய்கள்.

ஜப்பானிய மொழியில் 'யனகி' என்பது வில்லோ மரத்தைக் குறிக்கும். 'கவா' என்பது ஆற்றைக் குறிக்கும். நீர்க்கரையில் வளர்ந்து, மெல்லிய கிளைகளை நீரின்மேல் தாழவிடும் மரம் வில்லோ. பெயருக்கேற்ப இம்மரங்கள் இன்றும் கால்வாய்க் கரைகளில் வரிசையாக நிற்கின்றன. யனகவா நகர எல்லைக்குள் ஓடும் கால்வாய்கள் அனைத்தையும் சேர்த்து அளந்தால் ஏறத்தாழ 930 கிலோமீட்டர் நீளம் வரும் என்பர். ஒரு சிறு நகரத்திற்கு இத்தனை கால்வாய்கள் எதற்காக? இவ்வினாவுக்கு விடை காண, அருகில் உள்ள கடலை முதலில் அறிய வேண்டும்.

சேற்றில் எழுந்த நிலம்

யனகவாவின் தென்மேற்கே இருப்பது அரியாகே கடல். ஜப்பானிலேயே ஓதத்தின் ஏற்ற இறக்கம் மிகுதியாக உள்ள கடல் இதுவே. நீர் உயர்ந்து நிற்கும் வேளைக்கும் தாழ்ந்து கிடக்கும் வேளைக்கும் இடையே உள்ள வேறுபாடு சில நாள்களில் 6 மீட்டர் வரை செல்லும். நீர் வடியும் வேளையில் கண்ணுக்கெட்டிய தொலைவு வரை சேற்று வெளியே தெரியும். ஆறுகள் கொண்டுவரும் வண்டல் இக்கடலில் படிந்து படிந்து கரை முன்னேறியது. மக்கள் அணை கட்டி, அச்சேற்று வெளியைச் சிறிது சிறிதாக விளைநிலம் ஆக்கினர்.

இவ்வாறு எழுந்த தாழ்நிலத்தில் வாழ்வது எளிதன்று. மழை பெய்தால் நீர் வடியாமல் தேங்கும். மழை பொய்த்தால் குடிக்கவும் பயிரிடவும் நன்னீர் கிடைக்காது. கிணறு தோண்டினால் உவர்நீரே ஊறும். நீர் மிகுந்தாலும் துன்பம், குறைந்தாலும் துன்பம் என்னும் இவ்விரு இடர்களுக்கும் அம்மக்கள் ஒரே தீர்வைக் கண்டனர். நிலத்தைத் தோண்டிக் கால்வாய்களை வெட்டினர்; தோண்டிய மண்ணைக் கொட்டி வயல்களையும் வீட்டு மனைகளையும் மேடாக்கினர். மழைக்காலத்தில் கால்வாய்கள் வெள்ளத்தை வாங்கிக்கொண்டன. வறண்ட காலத்தில் தேக்கிவைத்த நன்னீரை வழங்கின. வடிகாலாகவும் நீர்த்தேக்கமாகவும் ஒருங்கே பயன்பட்டதே இக்கால்வாய்களின் சிறப்பு.

கடலின் ஓதத்தையும் இப்பகுதி உழவர்கள் துணையாக்கிக்கொண்டனர். உப்புநீர் கனமானது, நன்னீர் அதனினும் இலேசானது. ஓதம் ஏறும்போது கடல்நீர் ஆற்றுக்குள் புகுந்து, ஆற்றின் நன்னீரை மேலே உயர்த்தும். அவ்வாறு மேலே மிதந்துவரும் நன்னீரை மட்டும் மதகுகளின் வழியே வாய்க்கால்களுக்குள் விட்டுக்கொள்ளும் முறையைச் சிக்குகோ ஆற்றின் கீழ்ப்பகுதி உழவர்கள் நெடுங்காலம் கையாண்டனர். இயற்கையை அறிந்தவர்க்கு அதன் ஏற்ற இறக்கமும் கருவியாகும் என்பதற்கு இது சான்று.

கோட்டையைச் சூழ்ந்த நீர்

16ஆம் நூற்றாண்டில் இங்குக் கோட்டை ஒன்று எழுந்தது. 1600ஆம் ஆண்டில் நடந்த செகிகஹாரா பெரும்போருக்குப் பின் தனகா யோஷிமாசா என்னும் தலைவர் இப்பகுதிக்கு ஆட்சியாளரானார். கோட்டையைப் பெரிதாக்கியதோடு அகழிகளையும் கால்வாய்களையும் விரிவாக வெட்டி ஒழுங்குபடுத்தியவர் அவரே. 1620ஆம் ஆண்டில் ஆட்சி, முன்னர் இங்கு ஆண்ட தச்சிபனா முனேஷிகேயிடம் திரும்பியது. அவர் வழியினர் ஏறத்தாழ இரண்டரை நூற்றாண்டுக்காலம் யனகவாவை ஆண்டனர்.

ஆற்றுநீர் ஊருக்குள் நுழையும் இடத்தில் குறுகிய நீர்வாயில் ஒன்று இன்றும் உள்ளது. பகைவர் முற்றுகையிட்டால் இவ்வாயிலை அடைத்து, மேலே உள்ள கரையை உடைத்துவிட்டால், கோட்டையைத் தவிரச் சுற்றுப்புறம் முழுவதும் வெள்ளத்தில் மூழ்கும் வகையில் இது அமைக்கப்பட்டது என்பர். கோட்டை 1872ஆம் ஆண்டில் தீக்கிரையானது. அதனைக் காத்த நீர் மட்டும் எஞ்சி நின்றது.

ஓடத்தில் ஒரு மணி நேரம்

தொடர்வண்டி நிலையத்திற்கு அருகில் உள்ள ஓடத்துறைக்கு வந்துவிட்டோம். இங்குள்ள ஓடங்கள் நீளமானவை; அடிப்பகுதி தட்டையானவை. இவற்றிற்கு இயந்திரம் இல்லை, பாயும் இல்லை. ஓடத்தின் பின்முனையில் நின்று நீண்ட மூங்கிற்கழியைக் கால்வாயின் அடியில் ஊன்றித் தள்ளியே ஓட்டுகின்றனர். நீர் ஆழமற்றது, ஆதலால் கழி எளிதில் அடிமண்ணைத் தொடுகிறது.

காலணிகளைக் கழற்றிவிட்டு ஓடத்தின் அடித்தட்டில் அமர வேண்டும். வெயிலுக்கு ஓலைத் தொப்பியும் கிடைக்கும். குளிர்காலத்தில் ஓடத்தின் நடுவே கணப்பு வைத்து, அதன்மேல் மெத்தையை விரித்து வைப்பர். கால்களை அதற்குள் நீட்டிக்கொண்டு பயணம் செய்யலாம்.

ஓட்டுநரே நமக்கு வழிகாட்டி. ஒவ்வொரு வளைவிலும் அவ்விடத்தின் கதையைச் சொல்கிறார், இடையிடையே பாடுகிறார். பாலம் நெருங்கும்போது குனியுமாறு எச்சரிக்கிறார். சில பாலங்கள் மிகத் தாழ்வானவை. ஓடம் அவற்றின் அடியில் நுழையும்போது அனைவரும் தலையைத் தாழ்த்துகின்றனர். ஓட்டுநரும் கழியைக் கிடத்திக்கொண்டு குனிகிறார். பாலத்திற்கு அடியில் அவர் குரல் எதிரொலித்துப் பெரிதாகக் கேட்கிறது.

கரையோரமாகச் செங்கல்லால் கட்டிய சேமிப்பறைகள் மூன்று ஒட்டி நிற்கின்றன. ஜப்பானியர் உணவில் நாள்தோறும் சேரும் சோயா விழுதான மிசோவைச் செய்வோரின் சேமிப்பறைகள் அவை. வீடுகளின் பின்புறத்திலிருந்து கற்படிகள் நீருக்குள் இறங்குகின்றன. முற்காலத்தில் ஒவ்வொரு வீட்டிற்கும் இத்தகைய படித்துறை ஒன்று இருந்தது. விடியற்காலையில், ஊர் விழித்து நீரைக் கலக்குவதற்கு முன், குடிநீரை முகந்துகொள்வர். அதன் பின்னரே அரிசி களைதலும் காய்கறி கழுவுதலும் துணி துவைத்தலும் நடைபெறும். கீழே வாழ்வோரும் இதே நீரைத்தான் குடிக்க வேண்டும் என்னும் நினைவே ஊரின் எழுதாச் சட்டமாக விளங்கியது.

சில இடங்களில் கால்வாய் திடீரெனக் குறுகுகிறது. பாலத்தின் இருபுறமும் கற்சுவர் முன்னே நீண்டு, நீரின் வழியைச் சுருக்கியிருக்கிறது. இது பிழையான கட்டுமானம் அன்று. பெருமழையின்போது நீர் முழுவதும் ஒரே வேகத்தில் கீழே பாய்ந்தால் தாழ்ந்த பகுதிகள் மூழ்கிவிடும். குறுகிய வாய்கள் நீரைத் தடுத்து, ஒவ்வொரு பகுதியிலும் சிறிது சிறிதாகத் தேக்கி அனுப்புகின்றன. குறுகிய வழியில் ஓடுநீர் விரைந்து பாய்வதால் அது காற்றோடு கலந்து தெளிவும் பெறுகிறது. ஓசையின்றித் தொண்டாற்றும் இவ்வமைப்பைக் கண்டு நம் முன்னே செல்லும் ஓடத்தில் உள்ளவர்கள் நிழற்படம் எடுப்பதில்லை. ஆயினும் இவ்வூர் மூழ்காமல் நிற்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

கவிஞர் வளர்ந்த மண்

ஏறத்தாழ 4 கிலோமீட்டர் தொலைவைக் கடந்து ஒகினோஹதா என்னும் பகுதியில் கரையேறுகிறோம். நவீன ஜப்பானியக் கவிஞர்களுள் புகழ்பெற்றவரான கிதஹாரா ஹகுஷு வளர்ந்த ஊர் இது. 1885ஆம் ஆண்டில் பிறந்த அவர் மது வடிக்கும் வணிகக் குடும்பத்தைச் சேர்ந்தவர். 1901ஆம் ஆண்டில் நேர்ந்த தீவிபத்தில் அக்குடும்பத்தின் தொழிற்கூடம் எரிந்தது, செல்வமும் குறைந்தது. பின்னர்த் தோக்கியோ சென்ற ஹகுஷு கவிதைகளும், ஜப்பானியக் குழந்தைகள் இன்றும் பாடும் பல சிறுவர் பாடல்களும் இயற்றினார். வளர்ந்த ஊரின் நினைவுகளை அவர் பாடிய நூல் 1911ஆம் ஆண்டில் வெளிவந்தது. 1942ஆம் ஆண்டில் அவர் மறைந்தார். அவர் வாழ்ந்த இல்லம் இன்று நினைவகமாகப் பாதுகாக்கப்படுகிறது. ஓட்டுநர்கள் கழி ஊன்றிக்கொண்டு பாடும் பாடல்களுள் அவருடையவையும் உண்டு. வளர்ந்த ஊரை விட்டுத் தொலைவில் வாழ்ந்த ஒருவர் எழுதிய சொற்களை, அவ்வூரின் நீர்மேல் ஊரார் இன்றும் பாடுகின்றனர்.

அருகில் தச்சிபனா குடும்பத்தினரின் மாளிகை உள்ளது. 'ஓஹனா' என்று மக்கள் அன்போடு அழைக்கும் அம்மாளிகையில் கரும்பைன் மரங்கள் சூழ்ந்த குளத்தோடு கூடிய தோட்டம் ஒன்று அமைந்துள்ளது. குளிர்காலத்தில் அங்கு நீர்ப்பறவைகள் வந்து தங்குகின்றன.

நண்பகல் உணவுக்கு ஊரின் பெயர்பெற்ற பண்டம் விலாங்குமீன் சோறு. சுட்ட விலாங்கைச் சாறு கலந்த சோற்றின்மேல் அடுக்கி, மெல்லிதாக அரிந்த முட்டைப் பொரியலைத் தூவி, மரப்பெட்டியில் வைத்து ஆவியில் வேகவைப்பர். இக்கால்வாய்களில் முன்னர் மிகுதியாக வாழ்ந்த விலாங்கு இன்று அரிதாகிவிட்டது. ஜப்பானிய விலாங்கு 2014ஆம் ஆண்டில் அழியும் இடரில் உள்ள உயிரினங்களின் பன்னாட்டுப் பட்டியலில் சேர்க்கப்பட்டது. சுவையான உணவும் நீரின் நலத்தைச் சார்ந்ததே என்பதை இது நினைவூட்டுகிறது.

நீர் மறையவிருந்த காலம்

இத்தனை அழகிய நீர்வழி அரை நூற்றாண்டுக்கு முன் எவ்வாறு இருந்தது? 1950களுக்குப் பின் வீடுகளுக்குக் குழாய்நீர் வந்தது. விடியலில் நீர் முகக்கும் வழக்கம் நின்றது. குடிக்காத நீரைத் தூய்மையாக வைத்திருக்க வேண்டும் என்னும் எண்ணமும் மெல்ல மங்கியது. சமையலறைக் கழிவும் சவர்க்கார நீரும் குப்பையும் கால்வாய்க்குள் சென்றன. சேறு மண்டியது; நீர்க்களைகள் அடர்ந்தன; நாற்றம் எழுந்தது; கொசுக்கள் பெருகின. கண் காணாமல் செய்துவிடுவதே நலம் என்று பலர் கருதினர். முதன்மைக் கால்வாய்கள் சிலவற்றை மட்டும் விட்டுவிட்டு, ஏனைய சிறு கால்வாய்களைத் தூர்த்துவிடவும் காரைக் கட்டுமானத்தால் மூடிவிடவும் நகராட்சி திட்டமிட்டது.

1977ஆம் ஆண்டில் அத்திட்டத்தை நிறைவேற்றும் பிரிவுக்கு நகராட்சி அலுவலர் ஒருவர் பொறுப்பாளராக அமர்த்தப்பட்டார். அவர் பெயர் ஹிரோமட்சு சுதாயே. அப்பகுதியிலேயே பிறந்து வளர்ந்தவர். சிறுவயதில் கால்வாய் நீரில் விளையாடியவர். பணி ஆணையை அப்படியே நிறைவேற்றியிருந்தால் அவரை எவரும் குறை கூறியிருக்க முடியாது. அவரோ திட்டத்தை ஆராய்ந்தார். ஆராய்ந்தபின் நகர மேயரிடம் நேரில் சென்று, கால்வாய்களை மூடினால் யனகவா மூழ்கும் என்று எடுத்துரைத்தார்.

அவர் கூறிய காரணங்கள் உணர்ச்சியை மட்டும் சார்ந்தவை அல்ல. கால்வாய்கள் மழைநீரைத் தேக்கும் கலங்கள். அவற்றைக் குழாய்களாகச் சுருக்கினால் பெருமழை நீருக்குத் தங்குமிடம் இராது. கால்வாய் நீர் மண்ணுக்குள் கசிந்து நிலத்தடி நீரை நிறைக்கிறது. அது குறைந்தால் களிமண் இறுகி நிலமே தாழத் தொடங்கும். அருகில் உள்ள சாகா சமவெளியில் நிலத்தடி நீரை மிகுதியாக இறைத்ததால் நிலம் தாழ்ந்த நிகழ்வு அப்போது அனைவர் கண்முன்னும் இருந்தது. மேயர் செவிசாய்த்தார். மூடும் திட்டம் நிறுத்தப்பட்டது. அதற்கு மாற்றாகத் தூய்மைப்படுத்தும் திட்டத்தை வகுக்கும் பொறுப்பு ஹிரோமட்சுவிடமே வந்தது.

ஊர் கூடித் தேர் இழுத்தது

திட்டம் தாளில் எழுதப்பட்டால் மட்டும் நீர் தெளிந்துவிடாது. இயந்திரங்களைக் கொண்டு ஒருமுறை சேற்றை அகற்றிவிடலாம். ஆனால் மக்கள் மனம் மாறாவிட்டால் அடுத்த ஆண்டே கால்வாய் மீண்டும் தூர்ந்துவிடும். ஆகவே ஹிரோமட்சுவும் அவருடைய பணித்தோழர்களும் தெருத்தெருவாகச் சென்று மக்களைக் கூட்டிப் பேசினர். நாற்றம் தாங்காமல் கால்வாயை மூடச் சொன்னவர்களின் குறைகளையும் பொறுமையோடு கேட்டனர். இக்கால்வாய் எவ்வாறு உருவானது, உங்கள் வீட்டை வெள்ளத்திலிருந்து எவ்வாறு காக்கிறது என்று விளக்கினர்.

1978ஆம் ஆண்டில் தூர்வாரும் பணி தொடங்கியது. நகராட்சிப் பணியாளர்கள் சேற்றில் இறங்கினர். அதைக் கண்ட ஊராரும் இறங்கினர். முதியோர், தாங்கள் முன்னர் நீர் முகந்த படித்துறைகளை மண்ணுக்கு அடியிலிருந்து மீண்டும் கண்டனர். குப்பை அகற்றப்பட்ட கால்வாயில் நீர் ஓடத் தொடங்கியதும் மீன்கள் திரும்பின. தாமே இறங்கித் தூய்மை செய்த நீரில் குப்பை கொட்ட எவருக்கும் கை வரவில்லை.

அசைவூட்டப் படங்களால் உலகப் புகழ்பெற்ற இயக்குநர் இசாவோ தகஹதா, யனகவாவைக் களமாகக் கொண்ட கதைப்படம் ஒன்றை எடுக்க எண்ணி இங்கு வந்தார். கால்வாய் மீட்பின் உண்மை வரலாறு அவரைக் கவர்ந்தது. கதைப்படத்திற்கு மாறாக இவ்வரலாற்றையே ஆவணப்படமாக எடுத்தார். ஹயாவோ மியாசாகி தயாரித்த அப்படம் 1987ஆம் ஆண்டில் வெளிவந்தது. நீரோடு கொள்ளும் உறவு தொல்லை நிறைந்தது. அத்தொல்லையை ஏற்றுக்கொள்வோரிடமே நீர் தங்கும் என்பது அப்படம் உணர்த்தும் கருத்து.

நீர் வடியும் நாள்கள்

இத்தொல்லையை யனகவா மக்கள் இன்றும் ஆண்டுதோறும் ஏற்கின்றனர். பிப்ரவரித் திங்களில் சில நாள்களுக்கு மதகுகளை அடைத்துக் கோட்டைக் கால்வாய்களின் நீரை வடியவிடுகின்றனர். அடியில் கிடப்பவை யாவும் அப்போது வெளிப்படும். உடைந்த பொருள்களையும் குப்பையையும் அகற்றுவர், கரைகளைச் செப்பனிடுவர். முற்காலத்தில் அவ்வாறு அள்ளிய சேற்றை வயலுக்கு உரமாக இட்டனர். பணி முடிந்ததும் மதகுகள் திறக்கப்படும். புதுநீர் பாயும்.

அதே காலத்தில் ஊரில் மற்றொரு காட்சியும் உண்டு. பெண்குழந்தை பிறந்த வீட்டார், மார்ச் 3ஆம் நாள் கொண்டாடப்படும் பெண்குழந்தைகள் விழாவை முன்னிட்டு, துணியாலும் நூலாலும் செய்த சிறு உருவங்களைக் கோத்துத் தொங்கவிடுவர். ஏழு சரங்களில் ஏழேழாக 49 உருவங்கள், நடுவே பெரிய நூற்பந்துகள் இரண்டு, ஆக 51. குழந்தை நீடு வாழ வேண்டும் என்னும் வேண்டுதல் அதில் பொதிந்துள்ளது. பாட்டியும் அத்தையும் பக்கத்து வீட்டாரும் சேர்ந்து தைத்த உருவங்கள் அவை. கால்வாயும் அவ்வாறே பல கைகளால் ஆனது.

மாலைத் தொடர்வண்டியில் ஃபுகுவோகாவுக்குத் திரும்புகிறோம். யனகவாவின் நீர்நிலப்பரப்பு 2015ஆம் ஆண்டில் ஜப்பானிய அரசால் நாட்டின் எழில்மிகு இடங்களுள் ஒன்றாக அறிவிக்கப்பட்டது. மூடுவதற்குத் திட்டமிட்ட கால்வாய்களைக் காணவே இன்று மக்கள் தொலைவிலிருந்து வருகின்றனர். பயனற்றது என்று ஒரு தலைமுறை ஒதுக்கியதை அடுத்த தலைமுறை தேடிப் போற்றுகிறது. இடையில் அதனை அழியாமல் காத்தவர்கள், வினா எழுப்பத் துணிந்த ஒருவரும் சேற்றில் இறங்கத் தயங்காத பலரும் ஆவர்.

சொற்பொருள்

ஓதம் – கடல்நீரின் ஏற்ற இறக்கம்
வண்டல் – ஆற்றுநீர் கொண்டுவந்து சேர்க்கும் நுண்மண்
உவர்நீர் – உப்புத்தன்மை உள்ள நீர்
அகழி – கோட்டையைச் சுற்றித் தோண்டிய நீர்நிலை
மதகு – நீரைத் திறக்கவும் அடைக்கவும் உதவும் அமைப்பு
தூர்த்தல் – மண் இட்டு நிரப்புதல்
தூர்வாருதல் – நீர்நிலையில் படிந்த சேற்றை அகற்றுதல்
கணப்பு – குளிர்காய உதவும் தீச்சட்டி
விலாங்கு – பாம்பு போன்ற நீண்ட உடலுடைய மீன்

தெரிந்து தெளிவோம்

ஊர்ப் பொதுவான ஏரி, குளம், வாய்க்கால் ஆகியவற்றை அவ்வூர் மக்களே உழைப்பை நல்கிச் செப்பனிடும் வழக்கத்தைத் தமிழில் 'குடிமராமத்து' என்பர். 'குடி' என்பது குடிமக்களையும், 'மராமத்து' என்பது பழுதுபார்த்தலையும் குறிக்கும். தமிழகத்தில் நெடுங்காலம் இவ்வழக்கம் இருந்தது. யனகவா மக்கள் செய்த பணிக்கும் இச்சொல் பொருந்தும். 'மராமத்து' என்பது அரபு மொழியிலிருந்து தமிழுக்கு வந்த சொல்லாகும்.

இலக்கணக் குறிப்பு

நன்னீர் – பண்புத்தொகை
ஓடுநீர், தாழ்நிலம் – வினைத்தொகைகள்
தோண்டிய மண் – பெயரெச்சம்
படிந்து படிந்து – அடுக்குத்தொடர்
பாட்டியும் அத்தையும் – எண்ணும்மை
எழுதாச் சட்டம் – ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம்

மதிப்பீடு

அ. சரியான விடையைத் தேர்ந்தெடுத்து எழுதுக.

1. யனகவா அமைந்துள்ள தீவு ________.
(க) ஹொக்கைடோ (ங) கியூஷு (ச) ஷிகொக்கு

2. யனகவாவில் கிணறுகள் பயன்படாமைக்குக் காரணம் ________.
(க) பாறை மிகுதி (ங) உவர்நீர் ஊறுதல் (ச) நிலத்தின் உயரம்

3. 'நூற்பந்து' என்பதைப் பிரித்து எழுதக் கிடைப்பது ________.
(க) நூல் + பந்து (ங) நூற் + பந்து (ச) நூறு + பந்து

4. 'மூங்கில் + கழி' என்பதைச் சேர்த்து எழுதக் கிடைப்பது ________.
(க) மூங்கில்கழி (ங) மூங்கிற்கழி (ச) மூங்கிக்கழி

ஆ. குறுவினா

1. 'யனகவா' என்னும் பெயரின் பொருள் யாது?
2. மக்கள் விடியற்காலையில் குடிநீரை முகந்தது ஏன்?
3. கால்வாயைச் சில இடங்களில் குறுக்கி அமைத்ததன் பயன்கள் இரண்டனை எழுதுக.
4. ஓதம் ஏறும்போது ஆற்றின் நன்னீர் மேலே உயர்வது ஏன்?

இ. சிறுவினா

1. வெள்ளம், வறட்சி ஆகிய இரண்டிற்கும் கால்வாய்கள் எவ்வாறு தீர்வாயின?
2. குழாய்நீர் வந்தபின் கால்வாய்கள் சீரழிந்தமைக்கான காரணங்களைத் தொகுத்து எழுதுக.
3. கால்வாய்களை மூடக்கூடாது என்பதற்கு ஹிரோமட்சு கூறிய காரணங்கள் யாவை?

ஈ. நெடுவினா

"இயந்திரம் சேற்றை அகற்றும்; மக்கள் மனமே நீரைக் காக்கும்." இக்கூற்றை யனகவாவின் வரலாற்றைக் கொண்டு விளக்குக.

உ. சிந்தனை வினா

தமக்கு இடப்பட்ட பணியைச் செய்வது ஓர் அலுவலரின் கடமை. ஹிரோமட்சு தமக்கு இடப்பட்ட பணியை மறுத்துப் பேசினார். அவர் கடமை தவறினாரா? உம் கருத்தைக் காரணத்தோடு எழுதுக.

ஊ. மொழிப் பயிற்சி

1. 'ஊர் கூடித் தேர் இழுத்தல்' என்னும் மரபுத்தொடரைச் சொந்தத் தொடரில் அமைத்து எழுதுக.
2. வேறுபாடு அறிந்து தொடர் அமைக்க: தூர்த்தல் – தூர்வாருதல், கரை – கறை, களை – கலை.
3. நீர்நிலைகளைக் குறிக்கும் தமிழ்ச் சொற்களுள் எட்டினை எழுதுக. (எ.கா. குளம், ஊருணி)
4. கீழ்க்காணும் தன்வினைத் தொடரைப் பிறவினைத் தொடராக மாற்றுக: மக்கள் கால்வாயைத் தூர்வாரினர்.

எ. கற்பவை கற்றபின்

1. நீங்கள் வாழும் நகரில் உள்ள ஏரி, குளம், படிக்கிணறு, கால்வாய் ஆகியவற்றுள் ஒன்றைப் பெரியோர் துணையோடு சென்று காண்க. அது யாரால், எதற்காக அமைக்கப்பட்டது, இன்று எந்நிலையில் உள்ளது என்பதைப் பத்து வரிகளில் எழுதுக.
2. உங்கள் தாத்தா, பாட்டி அல்லது பெற்றோரிடம் அவர்களுடைய சொந்த ஊரில் குடிநீர் எங்கிருந்து எடுக்கப்பட்டது என்று கேட்டறிக. அவர்கள் பயன்படுத்தும் நீர் தொடர்பான சொற்களுள் உங்களுக்குப் புதியவற்றைக் குறித்து வந்து வகுப்பில் பகிர்க.
3. யனகவா ஓட்டுநரைப் போல, நீங்கள் வாழும் பகுதியை முதன்முதலில் காண வரும் உறவினருக்கு வழிகாட்டியாக இருப்பதாகக் கொண்டு, ஐந்து இடங்களைப் பற்றி இரண்டு நிமிடம் தமிழில் பேசுக.